சமோரோ நகைச்சுவைப் படம்: கடற்கரையில் தொடங்குவதா, விருந்துப் பந்தலில் தொடங்குவதா?

அலைவரிசை

பசிபிக் தீவுப் படங்களைத் தேடிப் பார்ப்பவர்கள் இங்கே பலர் இருப்பதால் இந்த இழையைத் திறக்கிறேன். நியூசிலாந்தில் குடியேறிய சமோவா மக்கள் தங்கள் வாழ்க்கையை வைத்து வயிறு குலுங்கச் சிரிக்கும் படங்களை எடுத்துவிட்டார்கள். அந்நாட்டுப் பூர்வகுடிகளான மாவோரி இயக்குநர்கள் உலகம் முழுக்கத் தெரிந்தவர்கள் ஆகிவிட்டார்கள். ஆனால் மேற்குப் பசிபிக்கில் அமெரிக்க ஆட்சிக்கு உட்பட்ட குவாம், ரோட்டா, டினியன், சைபான் தீவுகளின் பூர்வகுடிகளான சமோரோ மக்களைப் பற்றித் தேடினால் கண்ணில் படுபவை பெரும்பாலும் ஆவணப்படங்கள். போர், ராணுவத் தளம், பறிபோன நிலம், அரசியல் உரிமை. அவை அவசியமான படங்கள்தான், நான் மறுக்கவில்லை.

என் ஆதங்கம் வேறு. மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக அந்தத் தீவுகளில் வாழும் ஒரு சமூகத்தை நாம் துயரத்தின் வழியாக மட்டுமே அறிந்துகொண்டிருக்கிறோம். அவர்கள் எதற்குச் சிரிக்கிறார்கள், யாரைக் கிண்டல் செய்கிறார்கள், வீட்டில் எப்படிச் சண்டை போடுகிறார்கள் என்று தெரியாமல் ஒரு மக்களை அறிந்ததாக எப்படிச் சொல்வது? சமோரோ வாழ்க்கையில் வேரூன்றிய நகைச்சுவைப் படம் என்றால் அது எதிலிருந்து முளைக்க வேண்டும்? தெரிந்தவர்கள் எழுதுங்கள். குறிப்பாக அங்கே இருந்தவர்கள்.

பழைய_ரீல்

முதலில் இதுவரை என்ன நடந்தது என்று பார்த்துவிடலாம். 1962இல் ஹாலிவுட் ஒரு படம் எடுத்தது, ‘நோ மேன் இஸ் ஆன் ஐலண்ட்’. ஜப்பானிய ஆக்கிரமிப்பின்போது குவாமில் ஒளிந்திருந்து உயிர் தப்பிய அமெரிக்கக் கடற்படை வீரர் ஜார்ஜ் ட்வீடின் கதை. அவரை மறைத்துவைத்துச் சோறு போட்டவர்கள் சமோரோ குடும்பங்கள். ஆனால் படப்பிடிப்பு பிலிப்பைன்ஸில் நடந்தது, தீவு மக்களாக வருபவர்கள் டகாலோக் பேசுகிறார்கள். தன் ஊர்க் கதையில் தன் மொழியே இல்லை. இதைவிடப் பெரிய புறக்கணிப்பு என்ன இருக்க முடியும்?

அப்புறம் 2004இல் வந்த ‘மேக்ஸ் ஹேவக்’ என்ற சண்டைப்படம். குவாமிலேயே எடுத்தார்கள். சுற்றுலாவுக்கு விளம்பரமாக இருக்கும் என்று தீவு அரசு 8 லட்சம் டாலர் கடனுக்கு உத்தரவாதம் கொடுத்தது. அந்தக் கடன் திரும்பாமல் நீதிமன்றம் வரை போனது. தீவு அதில் வெறும் பின்னணி. கடல், ஹோட்டல், நீச்சல் குளம்.

மாற்றம் வந்தது 2008இல். டான் முன்யா, கெல் முன்யா என்ற சகோதரர்கள் ‘ஷிரோஸ் ஹெட்’ படத்தை எடுத்தார்கள். குவாம் மண்ணின் மைந்தர்கள் எடுத்த முதல் முழுநீளக் கதைப்படம் என்று அதைத்தான் சொல்கிறார்கள். அது நகைச்சுவை இல்லை, கனமான குடும்பக் கதை. ஆனால் வழி திறந்தது. அதே சகோதரர்கள்தான் 2011இல் குவாம் சர்வதேசத் திரைப்பட விழாவையும் தொடங்கினார்கள். அந்த ஊரில் படம் எடுத்துப் பழகும் ஒரு தலைமுறைக்கு அது மேடை ஆனது.

ஆகவே நகைச்சுவைக்கு முன்மாதிரி தேடினால் படங்களில் தேடாதீர்கள். படத்துக்கு வெளியே தேடுங்கள்.

தெதெதோ_டைரி

நான் சில ஆண்டுகள் குவாமில், தெதெதோ பகுதியில் குடியிருந்து வேலை பார்த்தவள். பழைய ரீல் சொல்வது சரி. அந்த ஊர் நகைச்சுவை திரையில் இல்லை, சாப்பாட்டு மேசையில் இருக்கிறது.

சுற்றுலாப் பயணிகள் பார்க்கும் குவாம் தூமோன் கடற்கரையில் வரிசையாக நிற்கும் ஹோட்டல்கள். சமோரோ குடும்பங்கள் வாழும் குவாம் வேறு. மொத்தம் 19 கிராமங்கள், ஒவ்வொன்றுக்கும் ஒரு மேயர், ஒவ்வொன்றுக்கும் காவல் புனிதர், அந்தப் புனிதரின் பெயரில் ஃபியெஸ்டா. அன்று வீட்டு வாசலில் பந்தல் போட்டு, ஊரையே அழைத்துச் சாப்பாடு. சிவப்பு அரிசிச் சோறு, சுட்ட கோழி, தேங்காய்த் துருவலும் எலுமிச்சையும் போட்டுப் பிசைந்த கெலாகுவென், காரத்துக்கு ஃபினதெனி. விருந்து முடிந்து கிளம்பும்போது வெறுங்கையோடு யாரையும் விடமாட்டார்கள். மிச்சத்தைப் பொட்டலம் கட்டிக் கொடுப்பதற்குப் பெயர் பலுத்தான். யாருக்கு எந்தப் பொட்டலம், யார் சொல்லாமல் இரண்டாவது பொட்டலம் எடுத்தார் என்பதெல்லாம் அடுத்த விருந்து வரை பேச்சாக ஓடும்.

துக்க வீட்டில்கூட இப்படித்தான். ஒருவர் இறந்தால் ஒன்பது இரவு ஊர் கூடி ஜெபமாலை. தெச்சா என்று ஒரு அம்மையார் ஜெபத்தை முன்னின்று நடத்துவார். மூச்சு விடாமல், நம்ப முடியாத வேகத்தில் சொல்வார். கூட்டம் அதே வேகத்தில் பதில் சொல்லும். முடிந்ததும் சாப்பாடு. குழந்தைகள் கடைசி ஜெபத்தின் முதல் சொல் காதில் விழுந்தவுடனேயே எழத் தயாராவார்கள், பாட்டி கண்ணாலேயே உட்கார வைப்பார். அழுகையும் சிரிப்பும் ஒரே திண்ணையில் நடக்கும். இறந்தவரைப் பற்றிய வேடிக்கைக் கதைகளை அந்த இரவுகளில்தான் அதிகம் கேட்டேன். யாரும் அதை அவமரியாதையாக நினைப்பதில்லை.

பெயர் விவகாரம் இன்னொன்று. ஸ்பானியர் காலத்திலிருந்து வந்த குடும்பப் பெயர்கள்தான் எங்கும். க்ரூஸ், சாந்தோஸ், பெரெஸ் என்று ஒரே பெயரில் ஆயிரக்கணக்கானவர்கள் இருப்பதால் ஒவ்வொரு குடும்பக் கிளைக்கும் தனிப் பட்டப்பெயர் உண்டு. எப்போதோ வாழ்ந்த ஒரு தாத்தாவின் குணமோ உடல்வாகோ தொழிலோ பெயராகி, பேரன் பேத்திகள் வரை ஒட்டிக்கொண்டிருக்கும். செய்தித்தாளில் வரும் மரண அறிவிப்பில்கூட அந்தப் பட்டப்பெயரைப் போட்டால்தான் இறந்தவர் யார் என்று ஊருக்குப் புரியும். புதிதாகச் சந்திக்கும் இரண்டு சமோரோக்கள் முதல் பத்து நிமிடம் நீ யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்டுக்கொண்டே போய், கடைசியில் எங்காவது உறவாகிவிடுவார்கள். காதலிக்கத் தொடங்கிய இருவர் இந்த விசாரணையில் மாட்டுவதை நினைத்துப் பாருங்கள். ஒரு முழுப் படம் அதில் இருக்கிறது.

நூலகப்பூனை

தெதெதோ அக்கா எழுதியதைப் படிக்கவே நிறைவாக இருக்கிறது. நான் கொஞ்சம் பழைய காலத்துக்குப் போகிறேன்.

சமோரோ நாட்டுப்புறக் கதைகளில் ஹுவான் மாலோ என்று ஒரு இளைஞன் வருகிறான். ஏழை, சோம்பலுக்குப் பேர் போனவன், ஒரு கரபாவ் எருமை அவனுக்குத் துணை. ஸ்பானிய அதிகாரிகளையும் ஊர்ப் பணக்காரர்களையும் ஏமாற்றுவதே அவன் பிழைப்பு. இந்தக் கதைகள் யாருடைய கதைகள் என்று யோசியுங்கள். 1668இல் ஸ்பானிய மதப் பணி தொடங்கியது. தொடர்ந்து வந்த போர்களும் நோய்களும் சமோரோ மக்கள்தொகையைச் சில ஆயிரங்களுக்குச் சுருக்கிவிட்டன. எதிர்த்து நிற்க ஆளும் ஆயுதமும் இல்லாத நிலையில், கவர்னரைக் கதையிலாவது தோற்கடித்தார்கள். ராத்திரியில் பாட்டி சொல்லும் கதையை எந்த அதிகாரி தடை செய்ய முடியும்?

இன்னொன்று, காந்தன் சமோரிட்டா என்ற பாட்டு மரபு. பாய் முடையும்போதும் சோளம் உதிர்க்கும்போதும் ஒருவர் நான்கு அடி பாடுவார், அடுத்தவர் அந்த இடத்திலேயே கட்டிப் பதில் பாடுவார். மெட்டு பெரும்பாலும் ஒன்றுதான், சொல்தான் ஆயுதம். காதல் சொல்லலாம், கேலி செய்யலாம், பழைய பகையைத் தீர்க்கலாம். நேரில் சொன்னால் வெட்டுக்குத்தில் முடியும் விஷயத்தைப் பாட்டில் சொன்னால் ஊர் சிரிக்கும், வாங்கியவரும் சிரித்தாக வேண்டும்.

1941 டிசம்பர் முதல் 1944 ஜூலை வரை ஜப்பானிய ஆக்கிரமிப்பு. கட்டாய உழைப்பு, முகாம்கள், படுகொலைகள். அந்த நேரத்திலும் சாம் மாமாவை, அதாவது அமெரிக்காவை, சீக்கிரம் திரும்பி வரச் சொல்லி ஒரு கேலிப் பாட்டு ரகசியமாகப் பரவியது. பிடிபட்டால் அடி நிச்சயம் என்று தெரிந்தும் பாடினார்கள், புதிது புதிதாக அடிகளைச் சேர்த்தார்கள்.

இவற்றையெல்லாம் சேர்த்துப் பார்த்தால் சமோரோ நகைச்சுவையின் உயிர் அதிகாரத்தைக் கேலி செய்வதில்தான் இருக்கிறது என்பது என் கருத்து. படம் எடுப்பவர் அதை விட்டுவிட்டால் மிஞ்சுவது விருந்துக் காட்சிகள் மட்டுமே.

வடக்குவாசல்

பூனையாரின் வாதத்துக்கு வலு சேர்க்கும் ஒரு நிகழ்ச்சி. 1898 ஜூன் 20, அமெரிக்கப் போர்க்கப்பல் சார்ல்ஸ்டன் குவாமின் ஆப்ரா துறைமுகத்துக்குள் நுழைந்து பாழடைந்த ஒரு கோட்டையைச் சுட்டது. அமெரிக்காவும் ஸ்பெயினும் ஏப்ரலிலிருந்தே போரில் இருந்தன, ஆனால் அந்தச் செய்தி தீவுக்கு வந்து சேரவில்லை. ஸ்பானிய அதிகாரிகள் படகில் வந்து, நீங்கள் கொடுத்த மரியாதை வேட்டுக்குப் பதில் வேட்டுப் போட எங்களிடம் மருந்து இல்லை, மன்னியுங்கள் என்றார்கள். நீங்கள் இப்போது போர்க்கைதிகள் என்று பதில் வந்தது. மறுநாள் கவர்னர் சரணடைந்தார், அவரையும் வீரர்களையும் ஏற்றிக்கொண்டு கப்பல் மணிலாவுக்குப் போய்விட்டது. தீவில் ஒரு அமெரிக்கப் படைவீரர்கூட இல்லை. யார் ஆள்வது என்று பல மாதங்கள் ஆளுக்கு ஆள் உரிமை கோரிக்கொண்டிருந்தார்கள்.

இதைக் கரையில் நின்று பார்த்த ஒரு சமோரோ குடும்பத்தின் கண்ணால் எடுத்தால்? இரு பேரரசுகளும் தன் வீட்டைத் தன்னைக் கேட்காமல் கைமாற்றிக்கொள்வதைப் பார்க்கும் பாட்டி ஒருத்தி. எனக்கு இதைவிடச் சிறந்த கதைக்கரு தோன்றவில்லை.

நம் காலத்துக்கு வந்தாலும் குறைவில்லை. 2010 மார்ச்சில் அமெரிக்க நாடாளுமன்றக் குழுக் கூட்டத்தில், ஒகினாவாவிலிருந்து ஆயிரக்கணக்கான மரைன் படை வீரர்களைக் குவாமுக்கு மாற்றும் திட்டம் பற்றிப் பேச்சு. ஒரு உறுப்பினர், மக்கள்தொகை கூடிப்போய் தீவு சாய்ந்து கவிழ்ந்துவிடுமோ என்று அஞ்சுவதாகச் சொன்னார். எதிரே இருந்த அட்மிரல் முகம் மாறாமல், அப்படி எதிர்பார்க்கவில்லை என்று பதில் சொன்னார். உறுப்பினர் உருவகமாகச் சொன்னதாகப் பின்னர் விளக்கம் வந்தது. 2013 டிசம்பரில் ஆண்டர்சன் விமானப்படைத் தளத்தின் மீது 2,000 செத்த எலிகளைக் குட்டிப் பாராசூட்டில் கட்டி ஹெலிகாப்டரிலிருந்து போட்டார்கள். ஒவ்வொரு எலிக்குள்ளும் பாரசிட்டமால். போருக்குப் பிறகு கப்பல் சரக்கோடு வந்து சேர்ந்த பழுப்பு மரப்பாம்பு தீவின் காட்டுப் பறவைகளில் பெரும்பாலானவற்றைத் தின்று தீர்த்துவிட்டது. அந்தப் பாம்பைக் கொல்லத்தான் இந்த ஏற்பாடு. அறிவியலில் முழு நியாயம் உண்டு, அந்த மருந்து பாம்புக்கு விஷம். ஆனால் தன் கொல்லைப்புறத்தில் எலி பாராசூட்டில் இறங்குவதைப் பார்க்கும் ஒரு விவசாயியைக் கற்பனை செய்யுங்கள்.

2017 ஆகஸ்டில் வட கொரியா ஏவுகணை மிரட்டல் விட்டபோது, தாக்குதல் நடந்தால் என்ன செய்வது என்று தீவு நிர்வாகம் ஒரு குறிப்பு வெளியிட்டது. தலைக்கு ஷாம்பு போடலாம், கண்டிஷனர் போடாதீர்கள் என்று அதில் இருந்தது, கதிரியக்கத் தூசி முடியில் ஒட்டிக்கொள்ளும் என்பதால். அதே வாரங்களில் அமெரிக்க அதிபர் கவர்னருக்குத் தொலைபேசியில், உங்கள் சுற்றுலா பத்து மடங்கு கூடப்போகிறது என்றார். அந்த அதிபரைத் தேர்ந்தெடுக்கத் தீவு மக்களுக்கு வாக்கு கிடையாது.

மீன்குழம்பு

எல்லாம் அருமையான தகவல். ஆனால் எனக்கு ஒரு தயக்கம், வெளிப்படையாகவே சொல்கிறேன்.

நீங்கள் அடுக்கிய நிகழ்ச்சிகளில் வேடிக்கை செய்பவர்கள் எல்லாம் வெளியாட்கள். ஸ்பானிய அதிகாரி, அமெரிக்க உறுப்பினர், எலி போடும் ராணுவம். சமோரோக்கள் பார்வையாளர்கள். வெள்ளைக்காரரின் முட்டாள்தனத்தை மையத்தில் வைத்தால் கேமரா மறுபடியும் அவர் முகத்தில்தான் நிற்கும். அமெரிக்க சமோவா கால்பந்து அணியின் கதை நினைவிருக்கிறதா? 2001இல் ஆஸ்திரேலியாவிடம் 31–0 என்று தோற்று, பத்து ஆண்டுகள் கழித்து ஃபிஃபா அங்கீகரித்த முதல் வெற்றியைக் கண்ட அணி. 2014இல் வந்த ஆவணப்படம் வீரர்களோடு உட்கார்ந்தது. 2023இல் வந்த நகைச்சுவைப் படம் வெளிநாட்டுப் பயிற்சியாளரின் மனக்காயத்தைச் சுற்றியே ஓடியது. இயக்குநர் பசிபிக்காரர்தான், ஆனாலும் மையம் நகர்ந்துவிட்டது.

தெதெதோ அக்கா சொன்ன விருந்துப் பந்தலில் அதிகாரம் என்ற சொல்லே வரவில்லை, கவனித்தீர்களா? பொட்டலம், பட்டப்பெயர், ஜெபத்தின் வேகம். ஒரு சமூகம் தன் உறவுகளைக் கேலி செய்து சிரிப்பதுதான் வேரூன்றிய நகைச்சுவை. ஆள்பவரைக் கேலி செய்வது அதில் ஒரு கிளை மட்டும்.

அப்புறம் வகைமாதிரிப் பயம். ஸ்பாம் என்ற டின் பன்றி இறைச்சியைத் தின்னும் பருத்த மாமா, எப்போதும் குடி, சேவல் சண்டை, எதற்கும் அவசரப்படாத தீவுக்காரன். இதை வெளியாள் எடுத்தால் கேவலம். உள்ளூர்க்காரர் எடுத்தாலும் வெளியூரில் அது கேவலமாகத்தான் படிக்கப்படும்.

தெதெதோ_டைரி

மீன்குழம்பு, உங்கள் முதல் கருத்தோடு முக்கால்வாசி ஒத்துப்போகிறேன். மீதிக் கால்வாசிக்குக் காரணம் சொல்கிறேன்.

சமோரோ வளர்ப்பில் மமாஹ்லாவ் என்ற கூச்ச உணர்வு மிக முக்கியம். தன்னை முன்னிறுத்தக் கூடாது, பெரியவரை எதிர்த்துப் பேசக் கூடாது, கொடுத்ததை வேண்டாம் என்று முதலில் மறுக்க வேண்டும். விருந்துக்குள் நுழைந்தால் ஒவ்வொரு மூத்தவரின் கையையும் குனிந்து முகர்ந்து மரியாதை செய்ய வேண்டும். ஒருவரைத் தவறவிட்டால் நீங்கள் வீடு போய்ச் சேர்வதற்குள் அம்மாவுக்குச் செய்தி போயிருக்கும். இப்படிக் கட்டுப்பாடு இறுகிய இடத்தில் கேலி என்பது விளையாட்டு மட்டும் இல்லை, நேராகப் பேச முடியாததைப் பேசும் ஒரே வழி. மாமியிடம் கேட்க முடியாத கேள்வியை மாமியின் சமையலைக் கிண்டல் செய்து கேட்பார்கள். பூனை சொன்ன பாட்டுச் சண்டையும் இதே வேலையைத்தான் செய்தது.

ஆகவே கவர்னரைக் கேலி செய்வதும் அத்தையைக் கேலி செய்வதும் எனக்கு இரண்டு தனி விஷயங்களாகத் தெரியவில்லை. இரண்டுமே தலைகுனிந்து நிற்க வேண்டிய இடத்தில் வாயைத் திறப்பது. அத்தையிடம் பழகியவர்கள்தான் கவர்னரிடம் அதைக் காட்டினார்கள்.

சென்சுலி என்ற கொடுக்கல் வாங்கலையும் பாருங்கள். கல்யாணம், ஞானஸ்நானம், சாவு எதுவானாலும் உறவுகள் பணமாகவும் அரிசியாகவும் உழைப்பாகவும் கொடுப்பார்கள். வாங்கிய வீடு நோட்டில் எழுதிவைக்கும், அச்சு அசல் நம் மொய் நோட்டு. அந்த நோட்டு தொலைந்துபோனால் என்ன ஆகும்? யாருக்கு எவ்வளவு திருப்பித் தர வேண்டும் என்று தெரியாமல் ஒரு குடும்பம் கிராமம் முழுக்கச் சுற்றி, கேட்கக் கூச்சப்பட்டு, மறைமுகமாகத் துப்புத் துலக்கினால்? அதில் அத்தையும் வருவார், மேயரும் வருவார், ராணுவத்தில் வேலை பார்க்கும் அண்ணனும் வருவார்.

வகைமாதிரி விஷயத்தில் உங்கள் பயம் நியாயமானது. ஸ்பாம் ஏன் அந்த மேசைக்கு வந்தது என்று படம் அறிந்திருந்தால் போதும். போரில் வயல் அழிந்தது, நிலத்தை ராணுவம் எடுத்தது, டின் உணவு வந்து உட்கார்ந்தது. அதை யாரும் படத்தில் வசனமாகச் சொல்லவேண்டாம். தெரிந்தவர் எடுத்தால் அந்த டின்னைக் காட்டும் விதமே வேறாக இருக்கும்.

கொட்டகைக்காரன்

யார் காசு போடுவது? அதையும் பேசுவோம்.

2020 கணக்குப்படி குவாமில் 1.53 லட்சம் பேர், சைபான், ரோட்டா, டினியன் அடங்கிய வடக்கு மரியானாவில் 47 ஆயிரம். இதில் சமோரோக்கள் ஒரு பகுதிதான், குவாமில் ஐந்தில் இரண்டு பங்கு அளவில். உள்ளூர் டிக்கெட்டை மட்டும் நம்பி முழுநீளப் படம் எடுத்தால் போட்ட காசு வராது. ஆனால் அமெரிக்கப் பெருநிலத்தில் வாழும் சமோரோக்கள் குவாமில் இருப்பவர்களைவிட அதிகம். 2010 கணக்கிலேயே கலப்பு உட்பட 1.47 லட்சம் பேர். கலிபோர்னியாவில், அதிலும் சான் டியேகோவில் பெரிய கூட்டம். காரணம் கடற்படை. ஒரு காலத்தில் சமோரோ இளைஞர்களைக் கப்பலில் பரிமாறும் வேலைக்கு மட்டும்தான் எடுத்தார்கள், அப்படிப் போனவர்கள் அங்கே வேர் விட்டார்கள். ஊரை நினைத்து ஏங்கும் கூட்டத்தைவிட நல்ல ரசிகர்கள் கிடையாது.

வழியும் தெரிந்த வழிதான். 2006இல் வந்த ‘சியோனிஸ் வெட்டிங்’ படத்தைச் சொல்கிறேன். கல்யாணத்துக்கு நல்ல பெண் துணையோடு வராவிட்டால் உள்ளே விடமாட்டேன் என்று பாதிரியார் சொல்லிவிட, ஆக்லாந்தில் திண்டாடும் நான்கு சமோவா இளைஞர்களின் கதை. அது ஆகாயத்திலிருந்து குதிக்கவில்லை. நேக்கட் சமோவன்ஸ் என்ற மேடை நாடகக் குழு ஆண்டுக்கணக்கில் ஊர் ஊராகப் போய்ச் சிரிக்கவைத்தது. பிறகு ‘ப்ரோடவுன்’ கார்ட்டூன் தொடர். அப்புறம்தான் சினிமா. ரசிகர்களை முதலில் உண்டாக்கிவிட்டுப் படம் எடுத்தார்கள். குவாமிலும் வானொலி, மேடை, கைபேசி வீடியோ என்று குரல் மாற்றிக் கிண்டல் செய்யும் ஆட்களுக்குப் பஞ்சமில்லை. அங்கிருந்துதான் படம் வரும். சுற்றுலாத் துறை மானியத்திலிருந்து வராது, வந்தால் கடற்கரையைத்தான் காட்டச் சொல்வார்கள்.

அலைவரிசை

இவ்வளவு வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. ஒரு கேள்வி பாக்கி. எந்த மொழியில் எடுப்பது? நகைச்சுவை மொழியில்தானே இருக்கிறது. சமோரோ மொழியில் எடுத்தால் இளைஞர்களில் பலருக்கே திரையின் அடியில் மொழிபெயர்ப்பு எழுத்து தேவைப்படும். ஆங்கிலத்தில் எடுத்தால் பாட்டியின் வாயிலிருந்து கேலி எப்படி வரும்?

நூலகப்பூனை

இளைஞர்களுக்குத் தெரியாமல் போனது தானாக நடந்ததில்லை. 1917இல் அமெரிக்கக் கடற்படை நிர்வாகம் ஆங்கிலத்தை மட்டும் ஆட்சிமொழி ஆக்கியது. பள்ளியில் சமோரோ பேசிய குழந்தைகளுக்குத் தண்டனை கிடைத்தது. 1922இல் சமோரோ அகராதிகளைச் சேகரித்து எரித்தார்கள். 1974இல்தான் சமோரோ மீண்டும் ஆட்சிமொழிகளில் ஒன்றாகியது. அதற்குள் ஒரு தலைமுறை தன் பிள்ளைகளிடம் ஆங்கிலத்தில் பேசப் பழகிவிட்டது.

அதனால் உண்மையான வீட்டில் கேட்கும் மொழியையே படத்தில் வைக்கலாம். பாட்டி சமோரோவில் கேட்பார், பேரன் ஆங்கிலத்தில் பதில் சொல்வான், இருவருக்கும் நடுவில் அம்மா இரண்டையும் கலந்து திட்டுவார். பேரனுக்குக் கிண்டல் பாதிதான் புரிகிறது, சுற்றியிருப்பவர்கள் சிரிக்கிறார்கள், அவன் புரிந்துகொள்ளத் துடிக்கிறான். அந்த இழப்பைப் பற்றி யாரும் சொற்பொழிவு ஆற்ற வேண்டிய அவசியமே இருக்காது. முழுக்க சமோரோவில் எடுப்பதும் முடியாத காரியம் இல்லை. தீவைத் தின்றுகொண்டிருந்த ராட்சச மீனைத் தங்கள் கூந்தலால் வலை பின்னிப் பிடித்த பெண்களின் பழங்கதையைக் குவாம் கல்வித் துறையின் சமோரோ பிரிவு ‘மைசா’ என்ற பெயரில் சமோரோ மொழி அனிமேஷன் படமாகவே கொண்டுவந்திருக்கிறது.

மீன்குழம்பு

மொழி விஷயத்தில் பூனையோடு உடன்படுகிறேன். அக்காவின் விளக்கத்துக்குப் பிறகு கவர்னர்–அத்தை பிரிவினையையும் விட்டுவிடுகிறேன், அது எனக்குப் புதிய கோணம்.

ஆவிகள் விஷயம் மட்டும் கேட்கிறேன். தாவ்தாவ்மோனா என்ற முன்னோர் ஆவிகள் காட்டில், குறிப்பாக ஆலமரத்தடியில், இருப்பதாக நம்புகிறார்கள். காட்டுக்குள் நுழையும் முன் பாட்டா, பாட்டி என்று அழைத்து அனுமதி கேட்கிறார்கள், சிறுநீர் கழிப்பதற்குக்கூட. இதைச் சிரிப்புக்கு வைத்தால் நம்பிக்கையைப் புண்படுத்தாதா?

தெதெதோ_டைரி

யார் மீது சிரிப்பு விழுகிறது என்பதைப் பொறுத்தது. அனுமதி கேட்கும் பாட்டி மீது விழுந்தால் படம் தோற்றுவிட்டது. அனுமதி கேட்காமல் போய், உடம்பெல்லாம் வீங்கித் திரும்பி, நான்கு மருத்துவர்களைப் பார்த்துவிட்டு, கடைசியில் நாட்டு வைத்தியச்சியிடம் வந்து தலை குனிந்து நிற்கும் படித்த மருமகன் மீது விழுந்தால் ஊரே கை தட்டும். நான் அங்கே பழகிய பலர், நன்றாகப் படித்தவர்கள், காட்டுப் பாதையில் நடக்கப் போகும்போது வாய்க்குள் அனுமதி கேட்டுவிட்டுத்தான் போவார்கள். நானும் கேட்கப் பழகினேன். இன்றும் கேட்பேன்.

வடக்குவாசல்

சைபான், ரோட்டா பக்கம் யாரும் போகவில்லையே. குவாமும் வடக்கு மரியானாவும் ஒரே மக்கள். 1898க்குப் பிறகு குவாம் அமெரிக்காவிடம் போனது, வடக்குத் தீவுகளை ஸ்பெயின் 1899இல் ஜெர்மனிக்கு விற்றது. பிறகு ஜப்பான். இரண்டாம் உலகப் போரில் சைபானிலிருந்து வந்த சமோரோக்கள் ஜப்பானியருக்கு மொழிபெயர்ப்பாளர்களாகக் குவாமில் இருந்தார்கள். அந்தக் கசப்பு நெடுநாள் இருந்தது, 1969 வாக்கெடுப்பில் வடக்கோடு இணைய வேண்டாம் என்று குவாம் முடிவு செய்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

இப்போது ஒரு குவாம் பையனும் ஒரு சைபான் பெண்ணும் கல்யாணம் செய்துகொள்கிறார்கள் என்று வையுங்கள். வழக்கப்படி செலவு மாப்பிள்ளை வீட்டுடையது. இரண்டு பாட்டிகளும் ஒரே சமையலறையில். யார் தெச்சாவாக ஜெபம் நடத்துவது, யாருடைய சிவப்புச் சோறு, யாருடைய உச்சரிப்பு சரியான சமோரோ என்று மூன்று நாள் போர். பழைய காயம் பேசப்படாமலே ஒவ்வொரு சண்டையிலும் இருக்கும். கடைசியில் பாட்டிகள் இருவரும் காந்தன் சமோரிட்டாவில் மோதட்டும்.

நம் ஊர்த் தொடர்பு கேட்பவர்களுக்கு: 2015 ஜூன் 16, உலகக் கோப்பைத் தகுதிச்சுற்றில் தெதெதோ மைதானத்தில் குவாம் இந்தியாவை 2–1 என்று தோற்கடித்தது. சில நாள் முன்பு துர்க்மெனிஸ்தானையும் வென்றிருந்தார்கள். நவம்பரில் பெங்களூரில் இந்தியா 1–0 என்று பதில் சொன்னது. மீன்குழம்பு கேட்ட மாதிரி, பயிற்சியாளரை ஓரமாக நிறுத்திவிட்டு, அன்று மைதானத்துக்குச் சாப்பாடு சுமந்துவந்த அத்தைகளோடு இந்தக் கதையை எடுக்க யாராவது முன்வரட்டும்.

கொட்டகைக்காரன்

பாட்டிகள் கதைதான் என் தேர்வு. ஒரே வீடு, ஒரே பந்தல், மூன்று நாள் படப்பிடிப்புத் தளம். செலவு கையடக்கம். பந்தலும் நாற்காலியும் மேயர் அலுவலகத்தில் இரவல் கிடைக்கும் என்று கேள்விப்பட்டேன், சரிதானே அக்கா?

தெதெதோ_டைரி

கிடைக்கும். ஆனால் ஃபியெஸ்டா நாளாகப் பார்த்துக் கேட்டுவிடாதீர்கள். படப்பிடிப்புக் குழுவுக்குச் சாப்பாட்டுச் செலவும் எழுதவேண்டாம், அக்கம்பக்கம் பார்த்துக்கொள்ளும். வாங்கியதை மட்டும் நோட்டில் எழுதிவையுங்கள்.